காஜா எடுக்கிற பையன் திருப்பூருக்குப் போய்விட்டான்

பழைய மணியார்டர் பாரத்தின் அடியில் ஒரு சின்னத் துண்டு இருக்கும். பணத்தோடு சேர்த்து நாலு வார்த்தை எழுதி அனுப்ப அதில்தான் இடம். பாளையங்கோட்டையில் நான் தபால் கவுண்டரில் உட்கார்ந்திருந்த காலத்தில், எழுதத் தெரியாதவர்களுக்கும் கண்ணாடியை வீட்டில் வைத்துவிட்டு வந்தவர்களுக்கும் அந்தத் துண்டை நிரப்பிக் கொடுப்பேன். 1998ல் ஒரு பெரியவர் வந்தார். வெளியூரில் ஹாஸ்டலில் தங்கிப் படிக்கிற பேத்திக்கு 300 ரூபாய்.

"என்ன எழுதணும் தாத்தா?"

"பணத்த எண்ணி வாங்குன்னு எழுதும்."

எழுதினேன். கொஞ்சம் யோசித்தார். "போஸ்ட்மேன் தப்பா நெனச்சுக்கிடுவாரு. போஸ்ட்மேன் நல்லவருன்னும் எழுதும்." அதையும் எழுதினேன். ரசீதை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு வாசல் வரை போனவர் திரும்பி வந்தார். "நல்லவருன்னு படிச்சுட்டு அவ எண்ணாம வாங்கிருவா. ஆனாலும் எண்ணுன்னு கடைசில ஒண்ணு சேத்துரும்." துண்டில் இடமில்லை. ஓரத்தில் நெருக்கி எழுதினேன்.

அன்று ராத்திரி அதை ஒன்றரைப் பக்கமாக எழுதி மனைவியிடம் படித்துக் காட்டினேன். அவள் சிரித்தாள். அப்புறம், "அந்தப் பிள்ளைக்கு அப்பா இல்லையோ? தாத்தா ஏன் அனுப்புதாரு?" என்று கேட்டாள். நான் அதைக் கேட்டிருக்கவில்லை. அவளுடைய அந்தக் கேள்வியின் அருமை எனக்குப் புரிய இன்னும் ஐந்து வருஷம் ஆனது.

கட்டுரையைப் புக்போஸ்ட்டில் ஒரு நாளிதழுக்கு அனுப்பினேன். ஞாயிறு இணைப்பில் வந்தது. இன்னொன்று கேட்டார்கள். அப்படித் தொடங்கிய வாரப் பத்தி இன்றும் போய்க்கொண்டிருக்கிறது. நகைச்சுவைப் பத்தி எழுத வேண்டும் என்று ஆசைப்படுகிற இளையவர்கள் சிலர் வீட்டுக்கு வருகிறார்கள். அவர்களிடம் சொல்வதை இங்கே எழுதிவைக்கிறேன்.

முதலில் வேலை விஷயம். அரசு வேலையில் இருக்கிறவர்கள் அனுமதி பற்றிப் பயப்படுகிறார்கள். மத்திய அரசு ஊழியர்களுக்கு 1964ஆம் வருஷத்து நடத்தை விதிகள் இருக்கின்றன. அதில் 8ஆம் விதி, பத்திரிகையோடும் மற்ற ஊடகங்களோடும் ஊழியருக்கு இருக்கும் தொடர்பைப் பற்றியது. 9ஆம் விதி, அரசின் கொள்கையையோ நடவடிக்கையையோ குறை சொல்லி எழுதக் கூடாது என்கிறது. நான் இரண்டையும் ஒரு தாளில் எழுதி மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வைத்திருந்தேன். எழுதுகிறேன் என்று மேலதிகாரிக்கு ஒரு கடிதமும் கொடுத்தேன். மாநில அரசு ஊழியர்களுக்கு 1973ஆம் வருஷத்து விதிகள் தனி. அதைப் படித்துவிட்டுத் தொடங்குங்கள்.

விதியை விட எனக்குப் பெரிதாகப் பட்டது வேறொன்று. தபால்காரனிடம் ஜனங்கள் சொல்வது அடுத்தவர் காதுக்குப் போகக் கூடாதது. பெரியவரின் கட்டுரையில் ஊர், தொகை, உறவு எல்லாவற்றையும் மாற்றித்தான் எழுதினேன். மேலே சொன்னதிலும் மாற்றியிருக்கிறேன். இருந்தாலும் மனசு ஒப்பவில்லை. அதன் பிறகு கவுண்டருக்கு உள்ளே கேட்ட ஒரு வார்த்தையைக்கூட நான் பத்தியில் எழுதியதில்லை. டீக்கடை, பஸ், கல்யாண வீடு, ஆனித் தேரோட்டத்துக் கூட்டம் என்று வெளியே கேட்டது மட்டும்தான். வக்கீல் குமாஸ்தா, நர்ஸ், வாத்தியார் யாராக இருந்தாலும் இந்தக் கோட்டைப் போட்டுவிட்டு எழுத உட்காருங்கள்.

எழுதக் கற்றுக் கொடுத்தது அந்த இணைப்பைப் பார்த்துக்கொண்ட துணையாசிரியர். ஒவ்வொரு வாரமும் என் முதல் இரண்டு பாராக்களை வெட்டிவிடுவார். நாலாவது வாரம் போன் பண்ணிக் கேட்டேன்.

"தம்பி, ஆளு மூணாவது பாராவுலதான் உள்ள வாராரு. மொத ரெண்டுலயும் நீங்கதான நிக்கிய" என்றார்.

அன்றிலிருந்து முதல் வரியிலேயே ஆளை உள்ளே கொண்டுவந்துவிடுவேன். பத்திக்கு 450 வார்த்தை. அதில் ஐம்பது கூடினாலும் படம் போட இடம் இருக்காது. மணியார்டர் துண்டில் எழுதிப் பழகிய கை என்பதால் அந்த அளவு எனக்குச் சிரமமாக இல்லை. ஞாயிறு இணைப்பு முன்கூட்டியே அச்சாகிவிடும், அதனால் திங்கட்கிழமை ராத்திரி எழுதி, செவ்வாய் காலையில் சத்தமாக வாசித்து, அன்று மதியமே அனுப்பிவிடுவேன். காய்ச்சல், கல்யாணம், சாவு எல்லாம் சொல்லிவிட்டு வராது. எந்த வாரத்து விஷயமும் ஒட்டாத மூன்று கட்டுரைகளைத் தயாராக எழுதி வைத்திருப்பேன். என் அப்பா இறந்த மாதத்தில் அந்த மூன்றும்தான் வந்தன. பத்தி நிற்கவில்லை.

பணத்தையும் சொல்லிவிடுகிறேன். தொடக்கத்தில் கட்டுரைக்கு 100 ரூபாய், பிறகு 250, இப்போது 600. இதை நம்பிக் குடும்பம் நடத்த முடியாது. சம்பளம் ஒரு பக்கம் வந்துகொண்டிருந்ததால்தான் எனக்குப் பிடிக்காததை எழுத வேண்டிய நிலை ஒரு நாளும் வரவில்லை.

நோட்டுப் புத்தகம் பற்றி எல்லாரும் சொல்வார்கள். நான் சேர்த்துச் சொல்வது ஒன்றுதான்: கருத்தை எழுதாதீர்கள், சொன்ன வார்த்தையை அப்படியே எழுதுங்கள், தேதியும் இடமும் போட்டு. "கஞ்சமான மாமனார்" என்று குறித்து வைத்தால் ஆறு மாதம் கழித்து அதில் ஒன்றுமே இருக்காது.

நெல்லையில் ஒரே ஒரு சொல்லில் உறவே தெரிந்துவிடும். ஏலே என்றால் ஒன்று, வே என்றால் ஒன்று, அண்ணாச்சி என்றால் வேறொன்று. ஏலே என்று கூப்பிட வயதும் உரிமையும் வேண்டும். வே, நீரு என்பது சரிசமமாக மதிக்கிறவர்களிடம். ஒரு கல்யாணத்தில் மறுநாள் சொதிச் சாப்பாடு. தேங்காய்ப்பால் சொதி, இஞ்சித் துவையல், உருளைக்கிழங்கு சிப்ஸ், புது மாப்பிள்ளை பக்கத்தில் பெண். மாப்பிள்ளையின் அப்பா பரிமாறுகிறார். இருபத்தெட்டு வருஷமாக மகனை ஏலே என்று மட்டும் கூப்பிட்டுப் பழகினவர். வாளியோடு இலைக்கு முன்னால் வந்து, "ஏ..." என்று வாயெடுத்தார். மருமகளைப் பார்த்தார். "ஏ... இன்னும் கொஞ்சம் சொதி விடட்டுமாவே?" என்றார். மகன் நிமிர்ந்து பார்த்தான். சாப்பிடுவதை நிறுத்திவிட்டு, "விடுங்கப்பா" என்றான், குரல் மாறிப் போயிருந்தது. பந்தியில் அதைக் கவனித்தவர்கள் எல்லாரும் சிரித்தோம். அந்த அப்பாவும் சிரித்தார். என் நோட்டில் இருந்தது "விடட்டுமாவே" என்ற ஒரு சொல்லும் தேதியும்தான். மிச்சம் எல்லாம் அதிலிருந்து திரும்பி வந்தது.

வட்டார வழக்கைப் பேச்சில் மட்டும் எழுதுவேன், விவரிப்பில் கிடையாது. பேச்சிலும் ஒரு வரிக்கு ஒன்றிரண்டு இடம் போதும்: சொல்லுதேன், வாராரு, இருக்காக. எல்லாச் சொல்லையும் காதில் விழுந்தபடி எழுதினால் வேற்றூர்க்காரர் இரண்டாவது வரியில் நிறுத்திவிடுவார். நெல்லை டவுன் பேச்சு வேறு, செங்கோட்டைப் பக்கம் வேறு, கடற்கரைப் பக்கம் வேறு. கடற்கரை ஆளை டவுன்காரர் மாதிரி பேசவிட்டால் கண்டித்துக் கடிதம் வரும், எனக்கு வந்திருக்கிறது. இன்னொன்று: நம் ஊர்ப் பேச்சில் சாதி தெரியும். ஒருவர் பேசுகிற விதத்தையே சிரிப்புக்கு ஆதாரமாக வைத்தால் அங்கே கீழிறங்குவது அவருடைய வீடு முழுவதும். உடம்பு, நிறம், பேச்சு, வறுமை இந்த நாலையும் தொடவே கூடாது என்பது என் முடிவு.

இதெல்லாம் தெரிந்த பிறகும் 2003ல் ஒரு தப்பு செய்தேன்.

டவுனில் ரதவீதியை ஒட்டிய ஒரு சந்தில் ஒரு தையல்காரர். நல்ல கை. ஆனால் சொன்ன தேதிக்குத் துணி வராது. கல்யாணச் சட்டை முதல் குழந்தையின் காதுகுத்துக்கு வந்து சேர்ந்தது என்று ஊரில் பேசிக்கொள்வார்கள். நான் அதை எழுதினேன். பெயர் போடவில்லை. ஆனால் கடை வாசலில் தொங்கிய நீலத் திரையையும், "வெள்ளிக்கிழமை வாரும், ரெடியா இருக்கும்" என்று அவர் சொல்கிற வார்த்தையையும் அப்படியே எழுதிவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு முன்னால் டவுன் முழுக்க ஆளைத் தெரிந்துகொண்டது. அதுவரைக்கும் எனக்கு வந்த பாராட்டுகளில் அதற்கு வந்ததுதான் அதிகம்.

புதன்கிழமை அவர் தபாலாபீசுக்கு வந்தார். வரிசையில் நின்றார். ஒரு இன்லண்ட் லெட்டர் வாங்கினார். சில்லறையை எண்ணி வைத்துவிட்டுச் சொன்னார்:

"நீரு எழுதினது பூராவும் உண்மதான் வே. ஆனா எங்கிட்ட சொல்லிட்டு ஊருக்குச் சொல்லியிருக்கலாம்லா."

பின்னால் ஆள் நின்றார்கள். அவர் போய்விட்டார்.

சாயங்காலம் கடைக்குப் போனேன். ஞாயிற்றுக்கிழமையிலிருந்து ஊராரிடம் வாங்கிக் கட்டிக்கொண்ட பேச்சைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை. ஸ்டூலைத் துடைத்துப் போட்டார். ஏன் தாமதம் ஆகிறது என்று அப்போதுதான் முதல்முறையாகக் கேட்டேன். கட்டுரை எழுதும் முன்னால் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. வெட்டுவதும் தைப்பதும் அவர். காஜா எடுத்து, அதாவது பட்டன் துளைக்கு ஓரம் தைத்து, பட்டன் வைப்பதற்கு ஒரு பையன் இருந்தான். பதினாறு வயசு. ஒரு நாள் சொல்லாமல் கொள்ளாமல் திருப்பூருக்குப் போய்விட்டான், அங்கே பனியன் கம்பெனியில் கூடுதல் கூலி என்று. வேறு பையன் கிடைக்கவில்லை. காஜா மெஷின் வைத்திருக்கிற கடைக்குக் கொடுத்து வாங்கலாம்தான், ஆனால் அவருக்குக் கையால் எடுத்த காஜாதான் வேண்டும். தானே எடுக்கிறார். ராத்திரி பல்பு வெளிச்சத்தில் நூல் தெரிவதில்லை. பகலில் மட்டும்தான் எடுக்க முடியும், பகலில்தான் தைக்கவும் வேண்டும்.

மடியில் கிடந்த சட்டையை எடுத்துக் காட்டினார். கழுத்துப் பட்டையிலிருந்து கீழே வரை ஆறு காஜா. ஒவ்வொன்றின் ஓரத்திலும் நூல் ஒன்றோடொன்று உரசாமல், இடைவெளி விடாமல், பல் வரிசை மாதிரி. ஐந்து முடிந்திருந்தது. ஆறாவது பாதியில் நின்றது, ஊசி அதிலேயே குத்தியிருந்தது. வெளிச்சம் போய்விட்டதால் அன்றைய வேலையை அங்கே நிறுத்தியிருந்தார்.

நான் எழுதிய கட்டுரையை விட அந்தப் பாதிக் காஜா பெரிய விஷயம். ஏன் என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அது எனக்குக் கிடைத்திருக்கும். அடுத்த வாரப் பத்தியில் அதை எழுதினேன். அனுப்பும் முன் கடைக்குப் போய் வாசித்துக் காட்டினேன். முழுசும் கேட்டுவிட்டு, "வெள்ளிக்கிழமைன்னு மட்டும் போட்டிருக்கீரு. எந்த வெள்ளின்னு நான் யாருக்கும் சொன்னதில்லன்னு சேத்துக்கிடும்" என்றார். அந்த வரியைத்தான் வாசகர்கள் இன்றைக்கும் என்னிடம் சொல்கிறார்கள். அது அவர் எழுதியது.

அதற்குப் பிறகு இரண்டு பழக்கங்கள் நிலைத்தன. ஒருவர் வினோதமாக ஒன்று செய்தால் காரணத்தைக் கேட்காமல் எழுத மாட்டேன். எழுதியதைச் சம்பந்தப்பட்டவரிடம் வாசித்துக் காட்டாமல் அனுப்ப மாட்டேன். இத்தனை வருஷத்தில் வேண்டாம் என்று சொன்னவர்கள் ஏழு பேர். அந்த ஏழும் இன்னும் நோட்டிலேயே இருக்கின்றன. இப்படிச் செய்தால் கூர்மை போய்விடும் என்று சிலர் வாதாடுகிறார்கள். பதவியில் இருப்பவரை விமர்சிக்கிறவருக்கு அது சரியாக இருக்கலாம், அது வேறு வேலை. தெருவில் நம்மோடு வாழ்கிறவரைப் பற்றி எழுதுகிறவருக்கு நான் சொல்வதுதான் வழி. வண்ணாரப்பேட்டையில் இலக்கிய ரசிகர் ரசிகமணி டி.கே.சி. வீட்டில் வட்டத்தொட்டி என்ற இலக்கியக் கூட்டத்தில் கூடிப் பேசிச் சிரித்த ஊர் இது. எதிரில் உட்கார்ந்திருப்பவரும் சேர்ந்து சிரிக்கிற சிரிப்பு நம்மிடம் ஏற்கனவே இருக்கிறது.

2023 டிசம்பர் 17 ஞாயிற்றுக்கிழமை. அன்று காலை வந்த என் பத்தி குடை ரிப்பேர் செய்கிறவரைப் பற்றியது. முந்தின வாரமே அச்சுக்குப் போனது. காலையிலிருந்து மழை விடவில்லை. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 சென்டிமீட்டர். தாமிரபரணி கரை தாண்டி சிந்துபூந்துறை, கைலாசபுரம் பக்கம் எல்லாம் தண்ணீர். ஜங்ஷன் பஸ் நிலையம் குளமாகக் கிடந்தது. குறுக்குத்துறை முருகன் கோயில் ஆற்றுக்குள்ளேயே இருப்பதால் வெள்ளம் வந்தால் உற்சவரை மேலக்கோயிலுக்குக் கொண்டுபோய்விடுவார்கள். அப்படிப் பழகிய ஊருக்கே இது பழக்கமில்லாத தண்ணீர். வீட்டுக்குள் தண்ணீர் ஏறும்போது என் குடைக் கட்டுரை மேஜையில் கிடந்திருக்கும் என்று நினைத்தபோது நெஞ்சு கனத்தது. முன்கூட்டியே அச்சாகிற பக்கத்தில் மழை, வெயில், தேர்தல், நோய் பற்றி எழுதுவதை அன்றோடு விட்டேன்.

அடுத்த வாரம் பத்தி வேண்டாம் என்றுதான் சொன்னேன். "ஒரு வாரம் வரலைன்னா நீங்க எப்படி இருக்கியன்னு கேப்பாக. எழுதுங்க" என்றார் இப்போதைய ஆசிரியர். ஜனங்கள் தங்கியிருந்த ஒரு கல்யாண மண்டபத்தில் சாப்பாடு கொடுக்கப் போயிருந்தேன். அங்கே ஒரு ஆச்சி, மூடி போட்டுத் துணியால் கட்டிய ஒரு பெரிய தூக்கு வாளியை மடியை விட்டு இறக்காமல் உட்கார்ந்திருந்தாள். நகையாக இருக்கும் என்று பக்கத்தில் இருந்தவர்கள் கிசுகிசுத்தார்கள். கேட்டேன். இட்லி மாவு.

"ஞாயித்துக்கிழமை மத்தியானம் ஆட்டுனது. வீட்ட விட்டு வந்துரலாம், விடிஞ்சா பிள்ளைகளுக்கு என்ன குடுக்க?"

எழுதி அவளிடம் வாசித்தேன். "மாவு புளிச்சுப் போச்சு, ஆனாலும் எல்லாவளும் தின்னாளுகன்னு எழுதும்" என்றாள். அழுதுகொண்டே சிரித்தாள், சுற்றி இருந்தவர்களும்தான். துக்க நேரத்தில் நகைச்சுவை எழுதலாமா என்று கேட்பவர்களுக்கு நான் அந்த மண்டபத்தைத்தான் சொல்வேன். சிரிப்பை அவர்கள் தொடங்கட்டும். நாம் அதைக் கொண்டுபோய்ச் சேர்த்தால் போதும்.

புத்தகம் போடுவது பற்றி. 2011ல் முதல் தொகுப்பு வந்தது. அதற்குள் 600க்கு மேல் எழுதியிருந்தேன். திரும்பப் படித்தால் விலைவாசி, புது மாடல் போன், அந்த வாரத்துச் செய்தி என்று எழுதியதெல்லாம் செத்துப் போயிருந்தது. காரணம் கேட்டு எழுதியவை உயிரோடு இருந்தன. 48 தேறின. 160 பக்கம்.

நாளிதழுக்கு எழுதியதைப் புத்தகமாகப் போட உரிமை உண்டா என்று பலருக்குச் சந்தேகம். 1957ஆம் வருஷத்துக் காப்புரிமைச் சட்டத்தின் 17ஆம் பிரிவு இதைச் சொல்கிறது. பத்திரிகையில் சம்பளத்துக்கு வேலை பார்ப்பவர் அந்த வேலையாக எழுதினால், வேறு ஒப்பந்தம் இல்லாத வரை, பத்திரிகைகளில் வெளியிடும் உரிமை உரிமையாளருக்கு, மற்ற உரிமைகள் எழுதியவருக்கு. என் மாதிரி வெளியிலிருந்து எழுதுகிறவர் எழுதிக் கொடுத்திராத வரை உரிமை அவருடையதுதான். முதலில் வந்த ஒரு பதிப்பாளர் எல்லா உரிமையும் என்றைக்கும் எங்களுக்கே என்று ஒரு தாளை நீட்டினார். கையெழுத்துப் போடாமல் வாங்கி வந்து வக்கீல் நண்பரிடம் காட்டினேன். உரிமையை மாற்றிக் கொடுப்பது எழுத்தில், கையெழுத்தோடு இருக்க வேண்டும். காலம் குறிப்பிடாவிட்டால் ஐந்து வருஷம் என்று 19ஆம் பிரிவு வைத்துக்கொள்ளும். அதனால் காலத்தை நாமே எழுதுவது நல்லது. வேறு பதிப்பாளரிடம் மூன்று வருஷம், தமிழ் அச்சுப் புத்தகம் மட்டும் என்று போட்டுக்கொண்டேன். நாமே வெளியிடுவதானால், புத்தகத்தை அடையாளம் காட்டும் ஐ.எஸ்.பி.என். எண்ணுக்குக் கட்டணம் இல்லை, ராஜா ராம்மோகன் ராய் பெயரிலான தேசிய முகமை கொடுக்கிறது. யாராவது அதற்குப் பணம் கேட்டால் கொடுக்காதீர்கள்.

500 பிரதி போட்டோம். விற்று முடிய மூன்று வருஷம். முதல் பிரதியைத் தையல்காரருக்குக் கொடுத்தேன். துணி வாங்க வருகிறவர்கள் காத்திருக்கும்போது படிக்கட்டும் என்று கடையில் வைத்திருக்கிறார். அட்டை நைந்து போய்விட்டது, மெஷின் நூலாலேயே தைத்துவைத்திருக்கிறார்.

போன தீபாவளிக்கு முந்தின நாள் அவரிடமிருந்து போன். "நீரு எழுதுன ஆளு வந்திருக்கான். வெரசா வாரும்."

போனேன். முப்பத்தேழு வயசு இருக்கும் ஒருவர் வாசல் படியில், நல்ல வெளிச்சத்துக்கு நேராக உட்கார்ந்து, மடியில் சட்டையை விரித்துக் காஜா எடுத்துக்கொண்டிருந்தார். விடுமுறைக்கு ஊருக்கு வந்தவர், கடையில் வேலை தேங்கிக் கிடப்பதைப் பார்த்துவிட்டு, ஊசியை எடுத்து உட்கார்ந்துவிட்டாராம். தன்னைப் பற்றி எழுதியது இருபது வருஷமாக அவருக்குத் தெரியாது. தையல்காரர் புத்தகத்தை எடுத்து அந்தப் பக்கத்தைத் திறந்து கொடுத்தார். ஊசியைச் சட்டைக் காலரில் குத்தி வைத்துவிட்டு நின்றுகொண்டே படித்தார். இரண்டு இடத்தில் சிரித்தார். கடைசிப் பக்கத்தை முடித்துவிட்டு மறுபடியும் முதல் பக்கத்துக்குப் போனார்.

"நல்லா எழுதியிருக்கிய அண்ணாச்சி. ஆனா கூடுதல் கூலிக்குப் போனேன்னு போட்டிருக்கிய. நான் அதுக்குப் போகல. ஏன் போனேன்னு எங்கிட்ட யாரும் கேக்கலியே."

தையல்காரர் மெஷினை நிறுத்திவிட்டார். நான் ஸ்டூலை அவர் பக்கம் இழுத்துப் போட்டு நோட்டைத் திறந்தேன்.